நோவது யார்?

லண்டன் கியூ தாவரவியல் தோட்டத்தில் பூஞ்சைகளை வகைப்படுத்திக்கொண்டிருந்த ஜார்ஜ் மாஸி, 1898-ல் அஸ்ஸாம் தேயிலையைத் தாக்கிய ஒரு பூஞ்சைக்கு எக்ஸோபேசிடியம் வெக்ஸன்ஸ் என்று பெயர் வைத்தார். ‘வெக்ஸன்ஸ்’ என்ற லத்தீன் சொல்லுக்குத் தொல்லை கொடுப்பது என்று பொருள். அறிவியல் பெயர்களில் பொதுவாக நிறம் இருக்கும், வடிவம் இருக்கும், கண்டெடுத்த ஊர் இருக்கும். இதில் இருப்பது ஒரு புகார். தொல்லை யாருக்கு என்பது மட்டும் பெயரில் இல்லை.

அதற்கு 29 ஆண்டுகளுக்கு முன்னால், 1869-ல், இலங்கையின் காப்பி இலைகளில் தென்பட்ட துருநோய்ப் பூஞ்சைக்கு பெர்க்லியும் புரூமும் வைத்த பெயர் ஹெமிலியா வாஸ்டாட்ரிக்ஸ். வாஸ்டாட்ரிக்ஸ் என்றால் பாழாக்குகிறவள். இதுவும் புகார்தான், இன்னும் கொஞ்சம் உரக்க. ஜப்பானில் தேயிலைப் பூஞ்சையை ‘மோச்சி நோய்’ என்கிறார்கள். சுட்ட அரிசிக் கொழுக்கட்டை மாதிரி இலை உப்பிக்கொள்வதால் அந்தப் பெயர். தமிழில் அது கொப்புள நோய். சூடு பட்ட நம் தோலை எடுத்து இலைமேல் போர்த்திவிட்டோம்.

தமிழ்ப் பெயரில் என்னை நிறுத்துவது கொப்புளம் அல்ல, அதற்கு அடுத்த சொல். நோய். நோ என்ற வேரிலிருந்து நோவு, நோதல், நொந்துபோதல் எல்லாம் வருகின்றன. சங்க இலக்கியத்தில் பிரிவின் வருத்தத்துக்கும் நோய் என்றுதான் பெயர். இந்தச் சொல் முதலில் குறிப்பது கிருமியை அல்ல, நோவதை. நோவது ஒன்று இருந்தால் நோகிறவர் ஒருவர் இருந்தாக வேண்டும். அப்படியானால் தேயிலை இலையில் கொப்புளம் வந்தால் நோவது யார்?

கேட்பதற்கு வார்த்தை விளையாட்டு போல இருக்கும். ஆனால் இந்தக் கேள்விக்கு நாம் சொல்கிற பதிலைப் பொறுத்துத்தான் ஒரு மழைக்கால நாளில் யாருடைய கூலி பாதியாகிறது என்பது தீர்மானமாகிறது.

*

முதலில் இலையில் என்ன நடக்கிறது என்று பார்த்துவிடலாம். காற்றிலும் மூடுபனியிலும் மிதந்து வருகிற பூஞ்சை வித்து ஓர் இளம் இலைமேல் விழுகிறது. இலை ஈரமாக இருந்தால் முளைத்து, தோலைத் துளைத்துக்கொண்டு உள்ளே போகிறது. பத்து நாள் போல வெளியே எதுவும் தெரியாது. பிறகு எண்ணெய் பட்ட காகிதம் மாதிரி வெளிறிய ஒரு புள்ளி. அது பெரிதாகும்போது இலையின் மேற்புறம் குழிந்து அடிப்புறம் புடைக்கிறது. புடைத்த இடத்தில் மாவு தடவியது போல ஒரு வெண்மை. அந்த வெண்மைதான் அடுத்த தலைமுறை வித்துகள். அவை பறந்ததும் அந்த இடம் பழுப்பாகிக் காய்ந்து சில சமயம் ஓட்டை விழுகிறது. ஒரு சுற்று முடிய மூன்று, நான்கு வாரம் ஆகலாம், தோதான ஈரம் இருந்தால் அதற்கும் குறைவு. மழை தொடர்ந்தால் சுற்றுக்கு மேல் சுற்று.

இந்தப் பூஞ்சையின் இரண்டு குணங்களை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். ஒன்று, அதற்கு வெயில் ஆகாது. நல்ல வெயில் பட்டால் வித்து செத்துவிடும். அதனால்தான் இந்த நோய் வந்த பிறகு தோட்டங்களில் நிழல் மரங்களைக் கழித்துவிட்டு வெளிச்சத்தை உள்ளே விட்டார்கள். இரண்டு, அது முற்றிய இலையைத் தொடாது. உயிருள்ள இளந்தளிர் மட்டுமே அதன் உணவு. காய்ந்த இலையிலோ மண்ணிலோ அதனால் வளர முடியாது.

தோட்டம் பறிப்பது எதை? இரண்டு இலையும் ஒரு மொட்டும். மலையில் அதற்குப் பெயர் கொழுந்து. ஒரு செடியில் எத்தனையோ இலைகள் இருக்கின்றன. பூஞ்சையும் தோட்டமும் கை வைப்பது மட்டும் ஒரே இடத்தில். முற்றிய இலை இருவருக்குமே வேண்டாம். ஒரே பந்தியில் ஒரே இலைக்கு இரண்டு பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருவர் சாப்பிட்டால் அது அறுவடை, இன்னொருவர் சாப்பிட்டால் அது நோய்.

*

இப்படிச் சொன்னதும் “அப்போ நோய் என்பதே ஆளைப் பொறுத்ததா?” என்று கேட்கத் தோன்றும். ஓரளவுக்கு ஆமாம்.

சீனாவில் எண்ணெய்க்காக வளர்க்கும் ஒரு தேயிலை இனம் உண்டு, கமேலியா ஒலீஃபெரா. அதைத் தாக்குவதும் எக்ஸோபேசிடியம் குடும்பத்துப் பூஞ்சைதான். இலையும் பிஞ்சும் தடித்து, வெளுத்து, பழம் போல உப்பிக்கொள்கின்றன. கிராமத்துப் பிள்ளைகள் அதைப் பறித்துத் தின்கிறார்கள். சாறும் லேசான இனிப்பும் உள்ள தின்பண்டம் அது. நீலகிரிச் சரிவில் மருந்தடிக்க ஆள் அனுப்புகிற காரியத்துக்கு அங்கே பிள்ளைகள் ஏறி வருகிறார்கள். மெக்சிகோவில் மக்காச்சோளக் கதிரைக் கரிப்பூட்டை நோய் தாக்கி மணிகள் கரும்பழுப்பாக வீங்கினால் அதற்கு உய்ட்லகோச்சே என்று பெயர். நல்ல சோளத்தைவிட அதற்கு விலை அதிகம்.

தேயிலைக்குள்ளேயே ஓர் உதாரணம் இருக்கிறது. தைவானில் ‘கீழைத்தேய அழகி’ என்ற பொருள்படும் பெயரில் ஒரு தேயிலை விற்கிறது. பச்சைத் தத்துப்பூச்சி கடித்த கொழுந்திலிருந்துதான் அதைச் செய்ய முடியும். பூச்சி கடித்ததும் செடி வெளியிடும் வாசனைப் பொருள்கள்தான் அந்தத் தேநீரின் தேன் மணம். பூச்சி வர வேண்டும் என்பதற்காகவே மருந்தடிக்காமல் விடுகிறார்கள். செடியின் பக்கத்திலிருந்து பார்த்தால் அதுவும் தாக்குதல்தான், இலையும் சேதம்தான். சந்தை அந்தச் சேதத்துக்கு விலை வைத்துவிட்டதால் அது நோய்ப் பட்டியலிலிருந்து வெளியே வந்துவிட்டது.

இங்கேயே நிறுத்திக்கொண்டு, “நோய் என்பது முதலாளியின் கணக்குப் புத்தகத்தில் இருக்கிற ஒரு சொல், அவ்வளவுதான்” என்று முடித்துவிடலாம். முடிப்பதற்கு வசதியான இடம். ஆனால் அது முழு உண்மை இல்லை. கவ்வாத்து வெட்டிவிட்டுத் துளிர்த்துவரும் செடியிலோ நாற்றங்காலிலோ இந்தப் பூஞ்சை இறங்கினால் இளந்தண்டும் சேர்ந்து அழுகும், தண்டு ஒடியும், செடி பின்வாங்கும். செடி அதை எதிர்க்கவும் செய்கிறது. தன் திசுக்களில் இருக்கிற துவர்ப்புப் பொருள்களையும் நொதிகளையும் வைத்துப் போராடுகிறது. சில ரகங்கள் நன்றாகவே தாக்குப்பிடிக்கின்றன. யாரும் விலை பேசாத காட்டிலும் இது நடக்கும். ஆகவே செடிக்கு நோகிறதா என்ற கேள்விக்கு, அது உணர்கிறதோ இல்லையோ, அதற்குக் கெடுதல் நடக்கிறது என்றாவது ஒப்புக்கொள்ள வேண்டும்.

*

கிறிஸ்டோஃபர் போர்ஸ் என்ற அமெரிக்கத் தத்துவவாதி 1977-ல் எழுதிய ஒரு கட்டுரை இந்த விவாதத்தில் அடிக்கடி வரும். நோயை விருப்பு வெறுப்பு இல்லாமல் வரையறுக்க முடியும் என்பது அவர் வாதம். ஓர் உயிரினத்தின் உறுப்புகள் அந்த இனத்துக்கு இயல்பான அளவில் வேலை செய்தால் ஆரோக்கியம், அதிலிருந்து கீழே போனால் நோய். உயிர் தப்புவதும் இனம் பெருக்குவதும்தான் அளவுகோல். நமக்குப் பிடித்திருக்கிறதா, காசு வருகிறதா என்பதெல்லாம் கணக்கில் வராது.

இந்த அளவுகோலைத் தேயிலைத் தோட்டத்தில் வைத்துப் பாருங்கள். தேயிலையை அதன் போக்கில் விட்டால் அது மரம். பத்து மீட்டர் உயரம்கூடப் போகும். வெள்ளையாகப் பூக்கும், காய்க்கும், விதை விழும். தோட்டத்தில் அதை இடுப்பு உயரத்தில் நிறுத்தி, தலையை மேசை மாதிரி மட்டமாக்கி வைத்திருக்கிறோம். சில ஆண்டுகளுக்கு ஒருமுறை கவ்வாத்து. வாரத்துக்கு ஒருமுறையோ பத்து நாளைக்கு ஒருமுறையோ நுனியைக் கிள்ளுகிறோம். கிள்ளக் கிள்ள அது மறுபடி துளிர்க்கிறது. பூப்பதற்கு அதை விடுவதில்லை. ஆண்டு முழுவதும் இளமையாகவே இருக்கும்படி ஒரு செடியைக் கட்டாயப்படுத்தியிருக்கிறோம். போர்ஸின் வரையறைப்படி பார்த்தால், பூக்கவும் காய்க்கவும் விடாத அந்த நிலைதான் முதல் கோளாறு. பூஞ்சை இரண்டாவதாக வந்தது.

இளந்தளிரை மட்டும் தின்கிற ஒரு பூஞ்சைக்கு, முதுமையே வராத செடிகளை, ஒன்றை ஒன்று தொடுகிற மாதிரி, மலை மலையாக நட்டுக்கொடுத்தால் அது என்ன செய்யும்? காப்பித் துருநோயை ஆராய 1880-ல் இலங்கைக்கு அனுப்பப்பட்ட ஹாரி மார்ஷல் வார்டு இதைத்தான் கண்டார். வித்து காற்றில் போகிறது, காற்று போகிற வழியெல்லாம் காப்பி இருக்கிறது. இடையில் தடுக்க வேறு மரம் இல்லை. அவர் தோட்டக்காரர்களுக்கு மருந்து கொண்டுவருவார் என்று எதிர்பார்த்தார்கள். அவர் கொண்டுவந்தது ஒரு விளக்கம். 1882-ல் திரும்பிப் போய்விட்டார்.

இதையெல்லாம் சொல்வது ‘எல்லாம் மனிதன் செய்த வினை’ என்று தலையில் அடித்துக்கொள்வதற்காக இல்லை. சோறும் அப்படித்தான் விளைகிறது, வாழையும் அப்படித்தான். நான் தினமும் இரண்டு வேளை தேநீர் குடிக்கிறேன். கேட்க வருவது இதைத்தான்: ஒரு நோயை உண்டாக்குவதில் இத்தனை கைகள் இருக்கும்போது அதன் இழப்பு எந்தக் கையில் போய் விழுகிறது?

*

1869-க்குத் திரும்பிப் போனால் இதற்கான முதல் பதில் கிடைக்கும். துருநோயால் அடுத்த இருபது ஆண்டுகளில் இலங்கையின் காப்பித் தொழில் சரிந்தது. வரலாற்று நூல்களில் அந்தச் சரிவு பெரும்பாலும் துரைமார்களின் சரிவாகத்தான் வரும். திவாலான தோட்டங்கள், கைமாறிய நிலங்கள், 1884-ல் கதவடைத்த ஓரியண்டல் வங்கி. தோட்டம் திவாலானபோது அங்கே வேலை செய்தவர்களின் பல மாதச் சம்பளமும் அதோடு போனது. அது ஓர் உபதகவல்.

பிறகு தேயிலை வந்தது. 1867-ல் லூல்கந்துராவில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் நட்டது, நூற்றாண்டு முடிவதற்குள் 3 லட்சம் ஏக்கரைத் தாண்டியது. பயிர் மாறியதோடு வேலையின் காலமும் மாறியது. காப்பிக்கு அறுவடைப் பருவம் உண்டு. தமிழ்நாட்டிலிருந்து ஆட்கள், பெரும்பாலும் ஆண்கள், மன்னார் வழியாக நடந்து போய் வேலை முடிந்ததும் பலர் திரும்பிவிடுவார்கள். தேயிலைக்குப் பருவம் கிடையாது. ஆண்டு முழுவதும் துளிர்க்கிற செடிக்கு ஆண்டு முழுவதும் கை வேண்டும். பெண்களும் பிள்ளைகளும் வந்தார்கள், லயங்கள் எழும்பின, அங்கேயே பிறப்பும் இறப்பும் நடந்தன. மலையகத் தமிழர் என்று இன்று சொல்கிற சமூகம் வேர்விட்டதில் ஒரு பூஞ்சைக்கும் பங்கு இருக்கிறது.

என் அம்மாயி அந்தச் சமூகத்தில் பிறந்தவர். 1964-ல் சிறிமாவும் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று ஒதுக்கியது. அந்தக் கணக்கில் ஒருவராக எழுபதுகளில் கப்பலேறி, நீலகிரியில் மறுபடியும் கொழுந்துக் கூடையைத் தலையில் மாட்டிக்கொண்டார். கொப்புள நோய் அவருக்கு முன்பே இரண்டு இடத்துக்கும் வந்துவிட்டிருந்தது. 1946-ல் தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் ஒரே ஆண்டில் அது தென்பட்டது. ஆகவே அங்கே பார்த்த கொப்புளத்தை அவர் இங்கேயும் பார்த்தார்.

பூஞ்சை, வித்து எதுவும் அவருக்குத் தெரியாது. நோய் என்றுகூட அவர் சொன்னதில்லை. “கொப்புளம் போட்டா பேர் விழாது” என்பார். அதுதான் அவருடைய தாவரவியல்.

*

பேர் என்பது மலையகத்தில் ஒரு நாள் வேலையின் பெயர். காலையில் வேலைக்குப் போய், மாலை நிறுவையில் தோட்டம் வைத்த இலக்கு எடை இருந்தால் முழுப்பேர். இல்லையென்றால் பல தோட்டங்களில் அரைப்பேர், அதாவது அரை நாள் சம்பளம். இலக்கு தோட்டத்துக்குத் தோட்டம் மாறும். 18 கிலோ என்று வைத்துக்கொள்வோம்.

மழை மாதத்தில் என்ன ஆகும்? கொழுந்தில் கொப்புளம். அதை ஒதுக்கிவிட்டுப் பறிக்கச் சொல்வார்கள், கலந்தால் தேயிலையின் தரம் கெடும். ஒதுக்குவதற்கு நேரம் ஆகும், ஒதுக்கியதும் எடையில் வராது. அம்மாயி சொன்னது இது: “காலைல ஏழு மணிக்கு மலைக்குப் போனவ நான். அட்டை கடிச்சிது, மழைல நனைஞ்சேன், ஒரு நிமிசம் ஒக்காரல. அந்தியில நிறுத்துப் பாத்தா பதினஞ்சு. கணக்கப்பிள்ளை அரைப்பேர்னு எழுதிட்டாரு. அப்ப மிச்ச அரை நாளு நான் எங்கய்யா இருந்தேன்?”

ஒரு தத்துவ மாணவர் கேட்டிருந்தால் இதை நல்ல கேள்வி என்று பாராட்டியிருப்போம். அவர் நாள் முழுவதும் அங்கேதான் இருந்தார். பூஞ்சையும் அங்கேதான் இருந்தது. ஆனால் பேரேட்டில் பூஞ்சைக்கு ஒரு கட்டம் இல்லை. அதனால் பூஞ்சை தின்ற மூன்று கிலோவும் அவர் பறிக்காத மூன்று கிலோவாகப் பதிவானது. ஆறில் ஒரு பங்கு எடை குறைந்ததற்குப் பாதிச் சம்பளம் போனது.

ஜூடித் ஷ்க்லார் 1990-ல் அநீதியின் முகங்களைப் பற்றி ஒரு நூல் எழுதினார். துரதிர்ஷ்டத்துக்கும் அநீதிக்கும் நடுவில் இருக்கிற கோடு இயற்கையாக அமைந்தது இல்லை என்பது அதில் அவர் வைக்கும் முக்கியமான வாதம். எதைத் தலைவிதி என்று விட்டுவிடுவது, எதை அநீதி என்று தட்டிக்கேட்பது என்பதை அதிகாரம் உள்ளவர்களே பெரும்பாலும் தீர்மானிக்கிறார்கள், அதனால் அடிபட்டவரின் குரலை முதலில் கேட்க வேண்டும் என்கிறார். தேயிலை மலையில் அந்தக் கோடு இன்னொரு விதமாகவும் நகர்கிறது. மழை துரதிர்ஷ்டம், பூஞ்சை துரதிர்ஷ்டம். தோட்டத்தின் மட்டத்தில் அது ‘இந்த ஆண்டு நோய் அதிகம், விளைச்சல் குறைவு’ என்று பதிவாகும். அதற்காக மேனேஜரை யாரும் சோம்பேறி என்று சொல்லமாட்டார்கள். அதே துரதிர்ஷ்டம் நிறுவைக்கு இறங்கி வந்ததும் ஓர் ஆளின் குறையாக மாறிவிடுகிறது. மேலே ‘நோய்’, கீழே ‘நீ பறிக்கல’.

இந்த மாற்றம்தான் என் கட்டுரையின் விஷயம். நோயை யார் உண்டாக்கினார்கள் என்பதில் ஆயிரம் தர்க்கம் செய்யலாம். ஒரு நோயை நோய் என்று சொல்லும் சலுகை ஒரு தரப்புக்கு இருக்கிறது, இன்னொரு தரப்புக்கு இல்லை. அதில் தர்க்கம் செய்ய அதிகம் இல்லை.

*

மறுதரப்பின் வாதத்தையும் கேட்க வேண்டும். எடைக்குக் கூலி என்பது ஒரு நியாயமான ஒப்பந்தம்தானே? கொழுந்து பொங்கி வருகிற மாதங்களில் இலக்குக்கு மேலே பறிக்கிற ஒவ்வொரு கிலோவுக்கும் கூடுதல் காசு உண்டு. நல்ல காலத்தில் லாபம், கெட்ட காலத்தில் நஷ்டம், கூட்டிக் கழித்தால் சரியாக வரும். எடையே பார்க்காமல் கூலி கொடுத்தால் யார் பறிப்பார்கள்?

இதில் பாதி சரி. எடை பார்ப்பதையே தவறு என்று நான் சொல்லவில்லை. ஆனால் ‘சரியாக வரும்’ என்பது வராது. இலக்குக்கு மேலே ஒரு கிலோ பறித்தால் கிடைப்பது ஒரு கிலோவுக்கான காசு. கீழே ஒரு கிலோ குறைந்தால் போவது அரை நாள். ஏற்றமும் இறக்கமும் ஒரே படியில் இல்லாத இடத்தில் கூட்டிக் கழித்துப் பார்க்கச் சொல்வது கணக்கு அல்ல, சமாதானம்.

இன்னொரு எதிர்வாதம் எனக்கு இதைவிடக் கடினமாகப் பட்டது. நீலகிரியில் பெரிய தோட்டங்களுக்கு வெளியே ஆயிரக்கணக்கான சிறு விவசாயிகள் இருக்கிறார்கள். படுகர் குடும்பங்கள் பல. ஓர் ஏக்கர், இரண்டு ஏக்கர். நிலம் அவர்களுடையது, பறிப்பதும் பல வீடுகளில் அவர்களேதான், பச்சைத் தேயிலையை ஃபேக்டரிக்குக் கொடுத்துக் கிலோவுக்கு விலை வாங்குகிறார்கள். அங்கே கொப்புளம் வந்தால் இழப்பு முழுவதும் அவர்கள் தலையில்தான். செடியும் கணக்கும் கையும் ஒரே ஆளிடம் இருக்கின்றன. அங்கே என் வாதம் எங்கே போகிறது?

அங்கே நோய் உண்மையிலேயே அவருடைய நோய். மருந்தடிப்பதா, விட்டுவிடுவதா, நிழல் மரத்தைக் கழிப்பதா என்பதை அவர் தீர்மானிக்கிறார். தோற்றால் தன் தீர்மானத்தில் தோற்கிறார். கூலியாளுக்கு இதில் எதுவும் கையில் இல்லை. எந்த ரகம் நடுவது, எத்தனை நாளைக்கு ஒருமுறை தாமிர மருந்து தெளிப்பது, டேங்கை முதுகில் கட்டிக்கொண்டு அதை யார் தெளிப்பது என்று எல்லாம் வேறு யாரோ முடிவு செய்தது. முடிவில் பங்கு இல்லாதவருக்கு முடிவின் நஷ்டத்தில் மட்டும் பங்கு கொடுப்பதுதான் இடறுகிறது. இந்த இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தினால், பிரச்சினை பூஞ்சையிலும் இல்லை எடையிலும் இல்லை என்பது தெளிவாகும்.

2021-ல் இலங்கையில் இதே விஷயம் ஒரு நாட்டின் அளவில் நடந்தது. மார்ச்சில் தோட்டத் தொழிலாளரின் நாள் சம்பளம் 1,000 ரூபாய் ஆனது. பல ஆண்டுப் போராட்டம். அடுத்த மாதமே ரசாயன உரம், பூச்சிமருந்து, பூஞ்சைமருந்து எதையும் இறக்குமதி செய்யக்கூடாது என்று அரசு அறிவித்தது. நவம்பரில் அதைக் கைவிட்டது. 2021-ல் ஏறத்தாழ 30 கோடி கிலோவாக இருந்த தேயிலை உற்பத்தி 2022-ல் 25 கோடிக்குப் பக்கத்தில் வந்து நின்றது. இதில் பெரிய பங்கு உரம் இல்லாததற்கு, கொப்புளத்துக்கு அல்ல. ரசாயனம் இல்லாத விவசாயம் என்ற ஆசையில் தவறு ஒன்றும் இல்லை, மருந்து டேங்கைச் சுமக்கிறவரின் நுரையீரலுக்கு அது நல்லதும்கூட. ஆனால் உரம் இல்லாத செடியில் கொழுந்து குறைந்தபோது, நிறுவையில் குறைந்தது யாருடைய எடை? கொள்கையை அறிவித்தவர்களுக்கு அரைப்பேர் விழவில்லை.

*

அம்மாயி இன்னொன்றும் சொல்வார். எல்லாக் கணக்கப்பிள்ளையும் ஒன்றுபோல இல்லை. “ஒருத்தரு இருந்தாரு. மழை மாசத்துல பன்னெண்டு எடுத்தாலே முழுப்பேர் போட்டுருவாரு. நல்ல மனுசன்.” சில தோட்டங்களில் அந்த மாதங்களுக்கு இலக்கையே குறைப்பதும் உண்டு. இதைக் கேட்டு நான் முதலில் சந்தோஷப்பட்டேன். யோசித்தால் இதுவே சங்கடமாகவும் இருக்கிறது. கொப்புளம் விழுந்த மலையில் 18 கிலோ வராது என்று எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் அது நல்ல மனுசன் கிடைத்தால் கிடைக்கிற இரக்கமாக இருந்ததே தவிர, கேட்டு வாங்குகிற உரிமையாக இருக்கவில்லை. இரக்கத்துக்கு நன்றி சொல்ல வேண்டும், உரிமைக்கு வேண்டாம். அம்மாயி எழுபது வயது தாண்டியும் அந்த மனிதருக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தார்.

இதற்கு வழி கண்டுபிடிக்கப் புது விஞ்ஞானம் வேண்டியதில்லை. விஸ்ஸர், சண்முகநாதன், சபாநாயகம் மூவரும் 1961-ல் இலங்கைத் தேயிலையின் கொப்புள நோயில் வெயிலுக்கும் மழைக்கும் உள்ள பங்கைப் பற்றி ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். அந்த வழியில் வந்த யோசனை எளிமையானது: சில நாட்களுக்குத் தினமும் எத்தனை மணி நேரம் வெயில் அடித்தது என்று பதிந்து வைத்தால், நோய் ஏறுமா இறங்குமா என்று கணிக்கலாம், மருந்து தெளிக்க வேண்டுமா என்று முடிவு செய்யலாம். வெயில் நிறைய இருந்தால் மருந்துச் செலவு மிச்சம்.

ஆக, இந்த மாதம் கொழுந்து கெடும் என்று சொல்லக்கூடிய ஒரு தாள் தோட்ட ஆபீசில் இருக்க முடியும். அதைப் பார்த்துச் செடிக்கு மருந்து ஒதுக்கலாம், நிதி ஒதுக்கலாம், ஆள் ஒதுக்கலாம். அதே தாளைப் பார்த்து அந்த மாதத்து இலக்கையும் குறைக்கலாம். வெயில் இத்தனை மணிக்குக் கீழே போனால் 18 என்பது 14 என்று எழுதி ஒட்டிவிட்டால், நல்ல கணக்கப்பிள்ளை வருவாரா என்று யாரும் காத்திருக்க வேண்டியதில்லை.

நோவது யார் என்று ஆரம்பத்தில் கேட்டேன். செடிக்குக் கெடுதல், அதற்கு மருந்து உண்டு. தோட்டத்துக்கு நஷ்டம், அதற்குக் கணக்கில் ஒரு வரி உண்டு. மழையில் நனைந்து பதினைந்து கிலோவோடு நிறுவைக்கு வருகிறவருக்கு இரண்டும் இல்லை. அவர் கேட்ட கேள்வி மட்டும் இருக்கிறது, மிச்ச அரை நாள் நான் எங்கே இருந்தேன் என்று. நாள் முழுவதும் நீங்கள் மலையில்தான் இருந்தீர்கள் என்று பேரேட்டில் எழுதினால் போதும்.